பூசைக்கு முன் ஒரு சொட்டு

என் கணவருடைய கண்கள் ஒரே நாளில் இரண்டு விதமாக இருந்த காலம் ஒன்று உண்டு. விடிகாலைப் பூசை முடிந்து சைக்கிளை வாசலில் சாய்த்துவிட்டு உள்ளே வரும்போது கண்பாவை இரண்டும் பெரிதாக, கன்னங்கரேலென்று இருக்கும். கல்யாணத்தன்று பீடத்துக்கு முன்னால் நின்று நான் ஓரக்கண்ணால் பார்த்த அதே கண்கள். பிறகு காபி குடிப்பார், கிணற்றடிக்குப் போய் முகம் கழுவுவார், சட்டை மாற்றுவார். ஆபீசுக்குக் கிளம்புவதற்குள் பாவைகள் கடுகளவுக்குச் சுருங்கிப் போயிருக்கும். ஆபீஸ் நினைப்பு வந்தாலே உங்கள் கண் சுருங்கிவிடுகிறது என்று கேலி செய்வேன். அவரும் சிரித்துக்கொண்டு பெடலை மிதிப்பார்.

அதைப் பூசையின் அழகு என்றே நான் நினைத்திருந்தேன். பூசையில் சாமியார் கொடுக்கிற அப்பத்தை, நன்மையை, வாங்கி வருகிறவர்கள் முகத்தில் ஒரு வெளிச்சம் இருக்கும் என்று சின்ன வயதில் மடத்துக் கன்னியர் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். எனக்குப் பள்ளிக்கூடத்து வேலை. காலையில் அடுப்பும் அவசரமும். ஞாயிற்றுக்கிழமை தவிர பூசைக்குப் போக முடிவதில்லை. அதனால் அவர் கொண்டுவரும் வெளிச்சத்தில் எனக்கும் பங்கு உண்டு என்று வைத்துக்கொண்டேன். காபியைக் கையில் கொடுக்காமல் ஒரு நிமிஷம் தாமதித்து அந்தக் கண்களைப் பார்ப்பேன். பிள்ளை இல்லாத வீடு எங்களுடையது. அப்படி நின்று பார்க்க நேரம் இருந்தது.

தருமபுரத்தில், வயல் தொடங்கும் இடத்தில் வாடகைக்கு இருந்தோம். மார்கழி, தை மாதங்களில் விடியும்போது வயலும் தெரியாது, ரோடும் தெரியாது. பனிக்குள்ளிருந்து மாதா கோயில் மணி மட்டும் வரும். அவருக்குப் பொதுப்பணித் துறையில் வேலை. நெரவி கொம்யூன் பஞ்சாயத்துப் பக்கத்து வாய்க்கால்களில் தண்ணீர் சரியாக ஓடுகிறதா, எந்த மதகு அடைத்திருக்கிறது, எங்கே கரை அரித்திருக்கிறது என்று பார்த்து வருகிற உத்தியோகம். நாளெல்லாம் சைக்கிள்தான். கரை அரிப்பைப் பற்றி அவர் பேச ஆரம்பித்தால் எனக்குத் தூக்கம் வந்துவிடும்.

கோளாறு முதலில் தெரிந்ததும் ஒரு வாய்க்கால் கரையில்தான். எழுபதுகளின் நடுவில், ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், பின் கேரியரில் நான் உட்கார்ந்திருந்தேன். வெயில் சாய்ந்து தண்ணீர் முழுக்க மஞ்சளாகக் கிடந்தது. கொக்குகள் எழுந்து எழுந்து உட்கார்ந்தன. எங்கே போகிறோம் என்பதே மறந்துபோகிற மாதிரி ஒரு சாயங்காலம். இடப்பக்கத்திலிருந்து ஒரு வெள்ளாடு வந்தது. அதை நான் பார்த்தேன், வாய்க்காலில் குளித்துக்கொண்டிருந்தவர்கள் பார்த்தார்கள். இவர் மட்டும் பார்க்கவில்லை. ஆட்டுக்கு ஒன்றும் ஆகவில்லை. நாங்கள் இரண்டு பேரும் சைக்கிளோடு தண்ணீருக்குள் இருந்தோம். என் பட்டுப்புடவை அதோடு போயிற்று.

அதற்குப் பிறகு கவனித்தேன். நேராக இருப்பதெல்லாம் அவருக்குப் பளிச்சென்று தெரியும். தூரத்து மதகில் யார் நிற்கிறார் என்று சொல்லுவார். பக்கவாட்டில் வைத்த தண்ணீர்ச் செம்பைத் தட்டிவிடுவார். கதவு நிலையில் தோளை இடித்துக்கொள்வார். வலி இல்லை, சிவப்பு இல்லை, ஒன்றும் இல்லை. ஊர் டாக்டர் கண்ணாடி போட்டுப் பார்த்துவிட்டு, இது கண்ணாடி விஷயம் இல்லை, பாண்டிக்குப் போங்கள் என்று அனுப்பிவிட்டார்.

பாண்டி ஆஸ்பத்திரியில் இருந்தது ஒரு பெண் டாக்டர். என்னைவிட ஓரிரு வயது மூத்தவராக இருக்கலாம். குரலை உயர்த்தாமல் பேசுவார். இவரைப் படுக்க வைத்து, கண்ணை மரத்துப்போகச் செய்து, சின்னக் கருவி ஒன்றைக் கருவிழி மேல் வைத்தார். அதில் ஒரு முள் அசைந்தது. கண்ணுக்குள் நீரின் அழுத்தம் அதிகம் என்றார். பிறகு அறையை இருட்டாக்கி, கைவிளக்கு ஒன்றோடு இவர் முகத்துக்கு மிக அருகில் குனிந்து வெகுநேரம் உள்ளே பார்த்தார். எனக்குக் கொஞ்சம் பொறாமையாகக்கூட இருந்தது. அத்தனை அருகில் நானே பார்த்ததில்லை.

வெளிச்சம் போட்ட பிறகு ஒரு தாளில் சிவப்புப் பென்சிலால் ஒரு வட்டம் வரைந்தார். பார்வை நரம்பு கண்ணுக்குள் வந்து சேரும் இடம் இது என்றார். நடுவில் மஞ்சள் பென்சிலால் இன்னொரு சின்ன வட்டம். அது ஒரு குழி, கிண்ணம் மாதிரி. எல்லோர் கண்ணிலும் இருக்கும். அழுத்தம் ஏறினால் குழி பெரிதாகும். சுற்றியுள்ள சிவப்பு விளிம்பு தேயும். விளிம்பில்தான் நரம்பின் இழைகள் இருக்கின்றன. தேய்ந்தது தேய்ந்ததுதான், திரும்ப வளராது. மீதி இருப்பதைக் காப்பாற்றுவதுதான் நம் வேலை என்றார். இவருடைய குழியைப் பாதி வட்டத்துக்கு மேல் வரும்படி வரைந்திருந்தார். இவர் தாளை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, கரை அரிச்சிருக்கு என்றார். டாக்டர் ஆமாம் என்றார்.

ஒரு நாளைக்கு நாலு வேளை சொட்டு மருந்து. விடியும் முன்பே ஒன்று, மத்தியானம் ஒன்று, விளக்கு வைக்கும் நேரத்தில் ஒன்று, படுக்கும் முன் ஒன்று. மருந்து கண்பாவையைச் சுருக்கும், வெளிச்சம் மங்கலாகத் தெரியும், பழகிவிடும் என்றார். மத்தியானச் சொட்டு ஆபீசில். சாயங்காலமும் ராத்திரியும் நான் விடுவேன். விடிகாலையில் நீ எதற்கு எழுந்திருக்க வேண்டும், நானே பார்த்துக்கொள்கிறேன் என்றார். எவ்வளவு நல்ல மனுஷன் என்று போர்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டேன்.

மூன்று மாதத்துக்கு ஒரு முறை பாண்டிப் பயணம். முதல் பஸ் விடிவதற்கு வெகுநேரம் முன்பே கிளம்பிவிடும். அன்றைக்குப் பூசை கிடையாது. எழுந்ததும் சொட்டு விட்டுக்கொண்டு, ஜன்னலோரம் எனக்குக் கொடுத்துவிட்டு உட்காருவார். தரங்கம்பாடி தாண்டும்போது கடல் காற்று அடிக்கும். கொள்ளிடம் பாலத்தில் பஸ் ஏறும்போது எப்போதும் ஒரு சத்தம் மாறும். பாதித் தூக்கத்தில் அது கேட்கும். கீழே மணலும் நடுவில் கொஞ்சம் தண்ணீரும், அதற்கு மேல் விடிகிற வெளுப்பும். அவர் தலை என் தோளில் இருக்கும். ஆஸ்பத்திரிக்குப் போகிறோம் என்று தோன்றவே தோன்றாது. யாரோ கல்யாணத்துக்கு அழைத்த மாதிரி இருக்கும்.

ஆஸ்பத்திரியில் முள் ஒழுங்கான இடத்தில் நிற்கும். அழுத்தம் நன்றாகக் குறைந்திருக்கிறது என்பார் டாக்டர். ஆனால் கைவிளக்கோடு குனிந்து நிமிரும்போது முகம் வேறாக இருக்கும். புதிதாக ஒரு படம் வரைவார். போன தடவையைவிட மஞ்சள் வட்டம் பெரிதாக, சிவப்பு விளிம்பு மெலிதாக இருக்கும். கறுப்புத் துணி முன்னால் உட்கார வைத்து ஒரு வெள்ளைப் புள்ளியை ஓரத்திலிருந்து நடுவுக்குக் கொண்டுவந்து, எப்போது தெரிகிறது என்று கேட்பார். ஒவ்வொரு தடவையும் புள்ளி இன்னும் கொஞ்சம் நடுவுக்கு வந்தபிறகுதான் இவர், ஆங், இப்ப என்பார். தெரிகிற உலகம் ஓரத்திலிருந்து மடங்கிக்கொண்டே வந்தது. இவர் குருடாகிவிடுவார் என்பதை நான் வாய்விட்டு யாரிடமும் சொல்லவில்லை. பனியில் இவர் சைக்கிள் மறைவதை வாசலில் நின்று பார்க்கும்போதெல்லாம் அதுதான் மனதுக்குள் ஓடிற்று.

இப்படி மூன்று நான்கு வருஷம் போயிருக்கும். நாற்பது நாள் நோன்பான தபசு காலமும் உயிர்த்த ஞாயிறும் முடிந்து போன ஒரு தடவை, டாக்டர் பென்சிலைக் கீழே வைத்துவிட்டு என்னையும் உள்ளே கூப்பிட்டார். அழுத்தம் ஏறாமலே குழி இப்படிப் பெரிதாவதற்கு வேறு காரணங்களும் உண்டு என்றார். இவருக்கு எப்போதாவது அதிகமாக ரத்தம் போயிருக்கிறதா என்று கேட்டார். இல்லை. குடும்பத்தில் யாருக்காவது பிறவியிலேயே பார்வைக் குறைவு? இல்லை. அப்படியானால் தலைக்குள் ஏதாவது நரம்பை அழுத்துகிறதா என்று பார்க்க வேண்டும் என்றார். கட்டி என்ற வார்த்தையை அவர் மெதுவாகத்தான் சொன்னார். என் காதில் மட்டும் அது சத்தமாக விழுந்தது.

எக்ஸ்ரே எடுத்தார்கள். தாழ்வாரத்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். வெளியே பாண்டி வெயில், ஒரு வேப்பமரம், கடலிலிருந்து காற்று. இவர் வேப்பங்கொட்டை ஒன்றைச் செருப்பால் உருட்டிக்கொண்டிருந்தார். நான் மாதாவிடம் பேரம் பேசிக்கொண்டிருந்தேன். கண் போனால் போகட்டும், ஆளை விட்டுவிடு என்று. அதற்கு முந்தின நாள் வரை கண்ணை விட்டுவிடு என்று கேட்டவள்தான்.

எக்ஸ்ரேயில் டாக்டருக்கு ஒன்றும் தெரியவில்லை. அதனாலேயே அவருக்குத் திருப்தி இல்லை. மதராசுக்கு எழுதித் தருகிறேன், அங்கே இன்னும் நன்றாகப் பார்ப்பார்கள் என்றார். எழுதும் முன் இன்னொரு தடவை கைவிளக்கை எடுத்துக் குனிந்தார். மருந்தால் சுருங்கிய பாவைக்குள் எட்டிப் பார்ப்பது அவருக்கும் கஷ்டம்தான். குனிந்தபடியே என்னைக் கேட்டார்.

"எப்பவும் இவ்வளவு சின்னதாத்தான் இருக்குமா இவருக்கு?"

"இல்லீங்கம்மா," என்றேன் நான். "காலையில பூசை முடிஞ்சு வர்றப்ப நல்லாப் பெரிசா இருக்கும். பார்க்கவே அழகா இருக்கும்."

டாக்டர் விளக்கை அணைத்தார். பிறகு ஜன்னல் திரையை அவரே போய் விலக்கிவிட்டு வந்து, விடிகாலை மருந்தை எத்தனை மணிக்கு விடுகிறீர்கள் என்று இவரைக் கேட்டார். இவர் வேப்பங்கொட்டை இல்லாத தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"பூசை முடிஞ்சு வந்தப்புறம்," என்றார் கடைசியில்.

எத்தனை நாளாக என்றதற்கு, ஆரம்பத்திலிருந்தே என்றார். தபசு காலத்தில் ஒருவேளை மட்டும் சாப்பிட்டு ஒருசந்தி இருப்பதால் மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகுதான் முதல் சொட்டு என்றார். டாக்டரிடம் வரும் நாளில் மட்டும் பூசை இல்லாததால் எழுந்தவுடன். ஒவ்வொன்றாகக் கேட்டுக் கேட்டு வாங்க வேண்டியிருந்தது. டாக்டர் நெற்றியைப் பிடித்துக்கொண்டார். நிறையப் பேருக்கு விடிகிற நேரத்தில்தான் கண் அழுத்தம் ஏறும், அதற்காகத்தான் அந்த வேளையைச் சொன்னேன் என்றார். அது தினமும் ஏறிக் குழியைத் தோண்டியிருக்கிறது. என்னைப் பார்க்க வருகிற அன்றைக்கு மட்டும் நீங்கள் நல்ல நோயாளி என்றார். மதராசுக்கு எழுத எடுத்த தாளை மேஜைக்குள் திரும்ப வைத்தார்.

கட்டி இல்லை. எனக்கு இவரை அந்த இடத்திலேயே நாலு அறை விட வேண்டும் போலவும், கட்டிக்கொள்ள வேண்டும் போலவும் இருந்தது. இரண்டும் ஆஸ்பத்திரியில் செய்கிற காரியம் இல்லை. பையை எடுத்துக்கொண்டு வேகமாக நடந்தேன். மருந்து பாவையைச் சுருக்கும் என்று முதல் நாளே சொன்னது என் காதிலும்தான் விழுந்திருந்தது. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்குக் கூட்டல் சொல்லிக்கொடுக்கிறவள், அதையும் பூசைக்குப் பின் நான் ரசித்த பெரிய பாவைகளையும் கூட்டிப் பார்க்கவில்லை.

திரும்பும் பஸ்ஸில் கொள்ளிடம் வரைக்கும் நான் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தேன். பாலம் தாண்டி இருட்டியதும் அவரே சொன்னார். சொட்டு விட்டால் கொஞ்ச நேரத்தில் தொண்டையில் கசப்பு இறங்குமாம். இறங்கினால் ஏதோ உள்ளே போய்விட்டது என்றுதானே அர்த்தம். நடுராத்திரியிலிருந்து ஒன்றும் உட்கொள்ளாமல் நன்மை வாங்க வேண்டும் என்பது பழைய சட்டம். அது எப்போதோ ஒரு மணி நேரமாகிவிட்டது. மருந்துக்கும் தண்ணீருக்கும் அந்தத் தடையும் கிடையாது. பீடத்திலிருந்தே அறிவித்திருந்தார்கள். எனக்குத் தெரியும், ஊருக்கே தெரியும். அவருக்கும் தெரியும்.

முதன்முதலாக நன்மை வாங்க வேண்டிய புதுநன்மை அன்றைக்கு, சிறுவனாக வாய் கொப்பளிக்கும்போது ஒரு மடக்குத் தண்ணீர் உள்ளே போய்விட்டதாம். யாரும் பார்க்கவில்லை. இவராகவே போய்ச் சொல்லியிருக்கிறார். வெள்ளைச் சட்டையும் மெழுகுவத்தியுமாக நின்ற வரிசையிலிருந்து இவரை மட்டும் விலக்கி, பெஞ்சில் உட்கார வைத்துவிட்டார்கள். மற்றவர்கள் எல்லோரும் முன்னால் போய் வாங்கிக்கொண்டு திரும்பி வந்ததை உட்கார்ந்து பார்த்திருக்கிறார்.

"மறுபடி அந்த பெஞ்சுல உட்கார என்னால முடியாது," என்றார்.

கண்ணே போனாலுமா என்று கேட்டேன். அவர் என் பக்கம் திரும்பினார். பஸ் விளக்கில் அவர் பாவைகள் கடுகாக இருந்தன. எனக்கு அழுகை வந்தது. கோபமும் அப்படியே இருந்தது.

பங்குச் சாமியாரிடம் அழைத்துப் போனேன். அவர் பொறுமையாக எல்லாம் சொன்னார். மருந்து எந்தக் காலத்திலும் பாவம் இல்லை என்றார். இவர் தலையாட்டிக் கேட்டுக்கொண்டு வந்து, மறுநாளிலிருந்து விடிவதற்கு முன்பே ஒழுங்காகச் சொட்டு விட்டுக்கொண்டார். கண் விழித்துப் படுத்திருந்து பார்த்து உறுதி செய்துகொண்டேன். அப்பாடா என்றிருந்தது. ஆனால் பூசையிலிருந்து வரும்போது கண் மட்டும் சுருங்கியிருக்கவில்லை, முகமும் சுருங்கியிருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை கூடப் போனபோது காரணம் தெரிந்தது. நன்மைக்கு எல்லோரும் எழுந்து முன்னால் போனார்கள். இவர் பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தார்.

அதைப் பார்த்த பிறகு எனக்குச் சோறு இறங்கவில்லை. சாமியார் சொல்லியும் கேட்காத தொண்டையை நான் என்ன செய்ய? மூன்று மாதம் காத்திராமல் அடுத்த வாரமே பாண்டிக்குக் கிளம்பினேன், இவரையும் இழுத்துக்கொண்டு. கசக்காத மருந்து ஏதாவது இருக்கிறதா என்று டாக்டரிடம் கேட்டேன். ஏன் என்று கேட்டார். பெஞ்சு வரைக்கும் முழுக்கதையும் சொன்னேன். அவர் எங்கள் மதம் இல்லை. சிரிப்பார் என்று பயந்தேன். சிரிக்கவில்லை.

தன் நாற்காலியிலிருந்து எழுந்து வந்து, இவருடைய மூக்கோரத்தில், கண் தொடங்கும் மூலையில் விரலை வைத்துக் காட்டினார். இங்கே ஒரு சின்னத் துவாரம் இருக்கிறது, கண்ணீர் இதன் வழியாகத்தான் மூக்குக்கும் தொண்டைக்கும் போகிறது. சொட்டு விட்டதும் கண்ணை மூடச்சொல்லி, இந்த இடத்தை ஐந்து நிமிஷம் அழுத்திப் பிடியுங்கள். மருந்து கண்ணிலேயே தங்கும், கசப்பு கீழே இறங்காது என்றார். அப்படிச் செய்தால் மருந்துக்கும் நல்லது என்றார். மதகை அடைக்கிற மாதிரி என்று இவர் முணுமுணுத்தார். எத்தனையோ நாளைக்குப் பிறகு அவர் குரலில் கொஞ்சம் தெம்பு இருந்தது.

மறுநாள் விடிவதற்கு முன் நானே எழுந்தேன். சமையலறையில் மங்கலான ஒரு பல்பு. அவரை முக்காலியில் உட்கார வைத்து, தலையைப் பின்னால் சாய்த்து, இரண்டு கண்ணிலும் ஒவ்வொரு சொட்டு விட்டேன். கண்ணை மூடினார். இரண்டு ஆள்காட்டி விரலால் இரண்டு மூலையையும் அழுத்திக்கொண்டேன். கடிகாரம் கூடத்தில் இருந்தது. அதனால் ஜெபமாலையில் வருகிற மாதிரி ஒரு பரலோக மந்திரமும் பத்து அருள்நிறைந்த மந்திரமும் நிதானமாகச் சொன்னால் சரியாக இருக்கும் என்று வைத்துக்கொண்டேன். விரலுக்கு அடியில் அவர் நாடி ஓடுவது தெரிந்தது. வெளியே ஒரு சேவல் கூவிற்று. அந்த முகத்தை அவ்வளவு நேரம் கையில் வைத்திருந்தது எனக்கு அதுவே முதல் தடவை. முடித்து விரலை எடுத்தேன். அவர் எச்சிலை விழுங்கிப் பார்த்தார். இன்னொரு தடவை விழுங்கிப் பார்த்தார்.

"கசக்கல," என்றார்.

மணி அடித்ததும் சைக்கிளை எடுத்தார். நான் அன்றைக்குப் பள்ளிக்கூடத்துக்குத் தாமதமானால் ஆகட்டும் என்று கேரியரில் ஏறிக்கொண்டேன். நன்மைக்கு அவர் எழுந்து முன்னால் போனதைப் பெஞ்சில் இருந்து நான் பார்த்தேன்.

பிறகு வருஷங்கள் அந்த மந்திரக் கணக்கிலேயே போயின. தினமும் விடிகாலையில் முக்காலி, பல்பு, விரல். பாண்டியில் டாக்டர் வரைகிற படம் மாறுவது நின்றது. மஞ்சள் வட்டம் பெரிதாகத்தான் இருந்தது, ஆனால் அதற்கு மேல் பெரிதாகவில்லை. விளிம்பில் ஒரு மெல்லிய சிவப்பு மிஞ்சி நின்றது. போன பார்வை போனதுதான். சைக்கிளை விட்டுவிட்டு நடக்க ஆரம்பித்தார், பக்கத்தில் வருகிற ஆட்டுக்கும் மாட்டுக்கும் நான் காவல். மிச்சப் பார்வை அப்படியே நின்றது. ஒன்று மட்டும் எனக்கு மனதில் இருந்தது, அதை அவரிடம் சொன்னதில்லை. அந்தப் பெரிய கண்கள் திரும்ப வரவே இல்லை. பூசையிலிருந்து வரும்போதும் கடுகு, போகும்போதும் கடுகு. அந்த அழகுதான் அவர் கண்ணைத் தின்றது என்று தெரிந்தும், சில நாள் காபியை வைத்துக்கொண்டு நின்று தேடுவேன்.

எண்பதுகளின் நடுவில் பாண்டியில் ஒரு புது மருந்து கொடுத்தார்கள். இரண்டு வேளை போதும், பாவையைச் சுருக்காது என்றார் டாக்டர். பழைய மருந்தை மெல்ல நிறுத்தினோம். இதில் கசப்பு இருக்கிறதா இல்லையா என்று நாங்கள் பார்க்கவே இல்லை. முதல் நாளிலிருந்தே அவர் வழக்கம்போல் முக்காலியில் வந்து உட்கார்ந்தார், நானும் வழக்கம்போல் விரலை வைத்தேன்.

பழைய மருந்தை அடியோடு விட்டுச் சில நாள் ஆன ஒரு விடிகாலை. பல்பு அதே பல்பு. பாதி மந்திரத்தில் என் விரலுக்கு அடியில் இமை அசைந்தது. கண்ணைத் திறந்துவிட்டார். பெரிதாக, கன்னங்கரேலென்று. இத்தனை வருஷமாக மங்கலிலேயே என்னைப் பார்த்த மனுஷன் அண்ணாந்து என் தலையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நரைச்சுட்டியே," என்றார்.

"அதாச்சு எவ்வளவோ நாளு. கண்ணை மூடுங்க."

"எனக்கு யாருமே சொல்லலையே."

மூடவில்லை. ஓரத்தில் தெரியாததை, முகத்தை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் மெதுவாகத் திருப்பி, துண்டு துண்டாகச் சேர்த்துப் பார்த்தார். என் விரலும் அதோடு திரும்பிற்று. மாதா கோயில் முதல் மணி அடித்தது. எத்தனையாவது மந்திரத்தில் விட்டேன் என்பது எனக்கு மறந்துபோயிற்று. பரவாயில்லை என்று பரலோக மந்திரத்திலிருந்து மறுபடி ஆரம்பித்தேன்.